யதார்த்தத்தை ஒலியால் நிறுத்துவது: நிலை அலையா, எதிர் அலையா?

குலையத் தொடங்கிய யதார்த்தத்தை ஒலியால் நிலைப்படுத்தும் கருவியொன்றைத் தம் கதையில் அமைக்க விரும்பும் எழுத்தாளர், இயற்பியலிடம் இரண்டு வழிகளில் கடன் வாங்கலாம்.

முதலாவது நிலை அலை. எதிரெதிராக வரும் ஒரே அதிர்வெண் கொண்ட அலைகள் ஒன்றன்மேல் ஒன்று படியும்போது, கணுக்கள் எனப்படும் அசைவற்ற இடங்கள் தோன்றுகின்றன. வில்லால் உரசிய தகட்டின் மீதுள்ள மணல், அதிரும் இடங்களை விட்டு விலகிக் கணுக்கோடுகளில் உருவங்களாகச் சேர்வதை ஜெர்மன் இயற்பியலாளர் எர்ன்ஸ்ட் கிளாட்னி 1787இல் வெளியிட்ட நூலில் விளக்கினார். 2017இல் பிரிஸ்டல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அறிமுகப்படுத்திய டைனிலெவ் கருவி, 40 கிலோஹெர்ட்ஸ் மீயொலியின் நிலை அலையால் நீர்த்துளியை அந்தரத்தில் நிறுத்துகிறது. அவ்வொலியின் அலைநீளம் காற்றில் ஏறத்தாழ 8.6 மில்லிமீட்டர், பிடிபடும் பொருளோ பொதுவாக அதில் பாதியைவிடச் சிறியதாக இருக்க வேண்டும். இக்கணக்கை நீட்டினால், ஒரு கிலோமீட்டர் அகலமுள்ள ஊரைப் பிடிக்க, ஓர் அலைவுக்கு ஆறு விநாடி எடுக்கும், காதுக்கே எட்டாத ஒலி தேவைப்படும். (கதைக்கு இதைவிட நல்ல அச்சம் வேண்டுமா?) மின்சாரம் நின்ற கணமே பிடியும் விட்டுப்போகும்.

இரண்டாவது எதிர் அலை: வரும் ஒலிக்கு நேர்மாறான அலையை எழுப்பி அதை அடக்கும் முறை; பால் லூக் என்ற ஜெர்மானியர் 1936இல் அமெரிக்கக் காப்புரிமை பெற்ற, இன்று இரைச்சல் நீக்கும் ஹெட்போன்களில் உள்ளது. இது குலைவை முதலில் கேட்டாக வேண்டும். சீரான தாழ்ந்த இரைச்சலை நன்கு அடக்கினாலும், திடீர் ஒலியிடம் தோற்கும். மெல்ல அரிக்கும் குலைவுக்கு இது பொருந்தும். திடீரெனக் கிழியும் உலகுக்கு நிலை அலையையே நான் தேர்வேன்.