மூவாயிரம் மீட்டருக்கு நூறு மீட்டர் ஷூ

காரைக்குடியில் ஒரு ஸ்போர்ட்ஸ் கடையில் மகளுக்கு ஸ்பைக்ஸ், அதாவது அடியில் ஆணி வைத்த ஓட்டப் பந்தய ஷூ, வாங்கி எட்டு மாதம் ஆகிறது. ஷூவுக்கு நாலு நட்சத்திரம், கடைக்கு ஒன்று. கடைப் பெயரைப் போடவில்லை. "வேணாம்ப்பா, ஆணி வாங்க திரும்ப அங்கதான் போகணும்" என்று மகள் சொல்லிவிட்டாள்.

நான் ஆத்தங்குடியில் டைல்ஸ் பட்டறையில் வேலை பார்க்கிறேன். ஓட்டத்தைப் பற்றி ஒரு மண்ணும் தெரியாது. மகள் எட்டாவது படிக்கும்போது வெறுங்காலோடு 600 மீட்டர் ஓடி குறுவட்டத்தில் இரண்டாவது வந்தாள். பி.டி. டீச்சர் கூப்பிட்டனுப்பி, "இந்தப் பிள்ளைக்கு வேகத்தைவிட மூச்சுதாண்ணே சொத்து" என்று 3,000-க்கு மாற்றிவிட்டார். பள்ளி மைதானம் 200 மீட்டர் வட்டம். அப்படியென்றால் பதினைந்து சுற்று. பார்க்கிற எனக்கே தலை சுற்றும்.

டீச்சர் எப்போதும் பக்கத்துப் புதுக்கோட்டை ஓட்டக்காரர்களைத்தான் உதாரணம் சொல்வார். சூர்யா 2016-ல் குவாஹாட்டி தெற்காசியப் போட்டியில் 5,000, 10,000 இரண்டிலும் தங்கம். அடுத்த வருஷம் புவனேஸ்வர் ஆசிய தடகளத்தில் லட்சுமணன் அதே இரண்டிலும் தங்கம். அந்த லட்சுமணனே 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் 10,000-ல் மூன்றாவதாக ஓடி முடித்தும், நடுவில் உள்கோட்டுக்கு அந்தப் பக்கம் கால் வைத்துவிட்டார் என்று வெண்கலத்தைப் பறித்துக்கொண்டார்கள். இதைக் கேட்டுக் கேட்டு எங்கள் வீட்டுச் சின்னவன்கூட வாசல் கோலத்து ஓரத்தை மிதிக்க மாட்டான்.

விஷயத்துக்கு வருகிறேன். கடையில் கேட்டது இரண்டே கேள்வி: சைஸ் என்ன, கலர் என்ன. தூர ஓட்டத்துக்கு என்று நானாகத்தான் சொன்னேன். "ஸ்பைக்ஸ்னா எல்லாம் ஒண்ணுதாண்ணே" என்று பெட்டியைத் திறந்தார். 1,850 ரூபாய். இவளுக்குப் பச்சைக் கலரைப் பார்த்ததும் கண் அங்கேயே நின்றுவிட்டது. அந்த அளவுக்குத் தப்பு எங்கள் பேரிலும் உண்டு.

குறுவட்டப் போட்டியில் ஏழு சுற்று வரை மூன்றாவதாகப் போனாள். எட்டாவதில் கெண்டைக்கால் இரண்டும் பிடித்துக்கொண்டது. நிற்கவில்லை, ஆனால் நொண்டி நொண்டித்தான் வந்தாள். வெறுங்காலில் 12 நிமிஷம் 40 வினாடி ஓடின பிள்ளை, ஷூ போட்டு 13:10. வண்டியில் வரும்போது ஒரு வார்த்தை பேசவில்லை.

அன்று ராத்திரி ஷூவைக் கவிழ்த்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். எங்கள் கல்லில் மேலே கலர், நடுவில் காய்ந்த பொடி, அடியில் மணலும் சிமெண்டும். ஓரத்தைப் பார்த்தாலே எது எவ்வளவு என்று சொல்லிவிடுவேன். அதே மாதிரி இதன் ஓரத்தைப் பார்த்தேன். முன்பக்கம் விறைப்பான பிளாஸ்டிக் பலகை, எட்டு ஆணி, நுனி மேல்நோக்கித் தூக்கி நிற்கிறது. குதிகாலுக்கு அடியில் பஞ்சு என்று சொல்ல ஒன்றுமே இல்லை, தாள் மாதிரி. இரண்டு கையாலும் வளைத்தேன், வளையவில்லை.

மறுநாள் டீச்சர் பார்த்த உடனே சொன்னார், "இது நூறு மீட்டர் ஷூண்ணே." பத்துப் பதினைந்து வினாடி முன்னங்காலிலேயே பறக்கிறவர்களுக்குச் செய்தது. பன்னிரண்டு நிமிஷம் ஓடுகிறவளுக்குக் குதிகால் தரையைத் தொட்டுத் தொட்டு எழும். அங்கே தாங்க ஒன்றும் இல்லையென்றால் பாரமெல்லாம் கெண்டைக்காலில்தான் விழும். மாற்றித் தரச் சொல்லிப் போனேன். "ஆணி மண்ணைத் தொட்டுட்டா ரிட்டர்ன் கிடையாது." சரி, அது அவர் வியாபாரம். ஆனால் வாங்கும்போது 'எத்தனை மீட்டர் ஓடுற பாப்பா' என்று ஒரு வார்த்தை கேட்க என்ன காசா பணமா?

பிறகு நாலு நட்சத்திரம் எதற்கு? அந்த ஷூ இப்போது பக்கத்து வீட்டுப் பையனிடம் இருக்கிறது. 100, 200 ஓடுகிறான். தையல் ஒன்றுகூட விடவில்லை, செம்மண்ணில் பிடிமானம் அபாரம் என்கிறான்.

இவளுக்கு ஆன்லைனில் தூர ஓட்ட ஸ்பைக்ஸ் வரவழைத்தோம், 2,400. ஆறே ஆணி. பலகை பாதத்தின் முன்பாதியோடு நின்றுவிடுகிறது, கையில் வளைகிறது, குதியில் ஒரு விரல் கனத்துக்குப் பஞ்சு. பந்தயத்துக்கும் வாரம் ஒரு நாள் வேக ஓட்டத்துக்கும் மட்டும்தான் போடுகிறாள். மற்ற நாளெல்லாம் சாதாரண ரன்னிங் ஷூ. அதன் அடி பிரிந்தபோது செருப்புத் தைக்கிற அண்ணன் 150 ரூபாய்க்கு ஒட்டி, சுற்றித் தையலும் போட்டுக் கொடுத்தார். நாலு மாதமாக அசையவில்லை. அவருக்கு அஞ்சு நட்சத்திரம். மாவட்டப் போட்டியில் 12:05. ஆறாவதுதான், ஆனால் கடைசிச் சுற்றில் இரண்டு பேரைத் தாண்டினாள்.

ஆணி விஷயம் யாரும் சொல்வதில்லை. மண் தரைக்கு 9 மில்லிமீட்டர், சிந்தெடிக் என்கிற செயற்கைத் தடத்துக்கு 6 போதும் என்றார் டீச்சர். சிந்தெடிக்கில் ஓட்டப் பந்தயத்துக்கு 9-க்கு மேல் போட விதியே இடம் தராது. ஓடி முடித்ததும் கழற்றித் துடைக்காவிட்டால் மரையில் செம்மண் ஏறி இறுகிவிடும். ஒரு ஆணியைக் கழற்ற இரண்டு சொட்டு மண்ணெண்ணெய் விட்டு ராத்திரி முழுக்க வைக்க வேண்டியிருந்தது.

போன வாரம் ஆணி வாங்க அதே கடைக்குப் போனேன். 9 கேட்டேன், 6 எடுத்துக் கொடுத்தார். மாற்றி வாங்கிக்கொண்டு வந்தேன். பாக்கெட்டில் பன்னிரண்டு என்று போட்டிருந்தது. வீட்டில் கொட்டி எண்ணினால் பதினொன்று.