இரண்டு கையும் நோட்டில், கிளிக் மட்டும் தானாக: லினக்ஸில் எக்ஸ்கிளிக்கர்

என் தாத்தா பெரம்பூரில் நாட்டு மருந்துக் கடை வைத்திருந்தவர். அவர் கைப்பட எழுதிய 11 நோட்டுகள் பரணில் கிடந்தன. தாள்கள் அப்பளம் மாதிரி நொறுங்குகிற நிலை. ஒரு கையால் அமர்த்திப் பிடித்து, மறு கையால் புரட்டினால்தான் கிழியாது.

பக்கங்களைப் படமெடுத்து வைக்க, போனை ஸ்டாண்டில் கவிழ்த்து மாட்டினேன். ரிச்சி தெருவில் செகண்ட் ஹேண்டாக வாங்கிய லேப்டாப்பில் உபுண்டு 22.04 என்ற லினக்ஸ் இருக்கிறது. ஸ்க்ரீன்காப்பி (scrcpy) என்ற நிரல் வழியாக போனின் திரையை அதில் கொண்டுவந்து, கேமரா பட்டனை மவுஸால் அமுக்கி முதல் நோட்டை எடுத்தேன். மவுஸுக்குக் கை போன ஒரு நொடியில் தாள் சுருண்டு, திரிகடுகச் சூரணம் எழுதிய பக்கத்தின் மூலை உடைந்து விழுந்தது. மனசு ஆறவில்லை. அன்றைக்கே, மவுஸைத் தொடாமல் தானாக கிளிக் செய்யும் எக்ஸ்கிளிக்கரை (XClicker) நிறுவினேன்.

இலவச மென்பொருள், மூலநிரலும் திறந்தே இருக்கிறது. டெப் (.deb) என்ற நிறுவல் கோப்பை இறக்கி நிறுவினால் சின்னதாக ஒரு ஜன்னல் வரும். எத்தனை நேரத்துக்கு ஒரு கிளிக், எந்தப் பட்டன், திரையில் எந்த இடம் என்று சொல்லிவிட்டு எஃப்8 தட்டினால் ஓடும். மறுபடி தட்டினால் நிற்கும்.

இடைவெளியைச் சரியாக வைப்பதில்தான் எல்லாம் இருக்கிறது. 10 நொடி வைத்தபோது அவசரத்தில் கை நடுங்கி, பாதிப் படங்கள் மங்கலாக விழுந்தன. 15 நொடி கச்சிதம்: புரட்டி, ஓரத்தை நீவி, கையை விலக்கி மூச்சு விட நேரம் இருக்கிறது. ஃபேனை நிறுத்திவிட்டு, மொட்டைமாடிக் கதவோர வெளிச்சத்தில் இரண்டு ஞாயிறுகளில் 700 படங்கள் எடுத்தேன்.

ஒன்றை மறக்கக் கூடாது. இது இடத்தைத்தான் கிளிக் செய்யும், அங்கே என்ன இருக்கிறது என்று பார்க்காது. நடுவில் போனில் இடம் நிறைந்து ஓர் அறிவிப்பு வந்து நின்றது. அது தெரியாமல் 40 பக்கம் புரட்டிவிட்டேன். அப்புறம் ஷட்டர் சத்தத்தை வைத்து, அது கேட்ட பிறகே அடுத்த தாளைத் தொட்டேன்.

இன்னொரு சிக்கல் வேலாண்ட் (Wayland), அதாவது லினக்ஸில் ஜன்னல்களைத் திரையில் காட்டும் புதிய அமைப்பு. அதில் ஒரு நிரல் இன்னொன்றின் ஜன்னலுக்குள் போலி கிளிக் அனுப்ப முடியாதபடி பாதுகாப்புக்காகவே கட்டியிருக்கிறார்கள். அதனால் சில ஜன்னல்களில் கிளிக் விழுந்தது, சிலவற்றில் விழவேயில்லை. உள்நுழையும் திரையில் பல்சக்கரத்தைத் தொட்டு 'உபுண்டு ஆன் சோர்க்' (Ubuntu on Xorg) என்ற பழைய அமைப்பைத் தேர்ந்தெடுத்ததும் சரியானது. உபுண்டு 25.10-இல் அந்தத் தேர்வையே எடுத்துவிட்டார்கள். அங்கே ஒய்டூடூல் (ydotool) என்ற கிளிக் அனுப்பும் கருவியைப் பார்க்கலாம். அது லினக்ஸின் மையமான கெர்னலில் உள்ள யூஇன்புட் (uinput) வழியாகப் போவதால் வேலாண்டிலும் ஓடும்; ஆனால் அனுமதி கொடுத்து, பின்னணியில் ஒரு சேவையையும் ஓடவிட வேண்டும். புதிதாக லினக்ஸுக்கு வந்தவர்களுக்கு அது சிரமம்தான். சோர்க்கில் இருப்பவர்கள், கட்டளை தட்டச்சு செய்யும் டெர்மினல் பழக்கமென்றால், எக்ஸ்டூடூல் (xdotool) என்ற கருவியில் ஒரே வரியில் இதே வேலையை முடிக்கலாம். எனக்கு எஃப்8 தட்டி நிறுத்துகிற வசதி பிடித்திருந்தது.

கடைசி நோட்டில் எண்ணெய்க் கறை பட்டுத் தாள்கள் ஒட்டிக்கொண்டிருந்தன. அதற்கு மட்டும் 25 நொடி வைத்தேன். ஒரு தாளும் கிழியவில்லை.