ஒகேனக்கல்லில் நீர்நாய் காட்டியது பரிசல்காரர்தான்

பென்னாகரத்துக்காரனுக்கு ஒகேனக்கல் போக வழிகாட்டி எதற்கு என்று வீட்டில் எல்லாரும் கேட்டார்கள். எனக்காக இல்லை, மகளுக்காக. ஆஸ்திரேலியாவில் கெய்ர்ன்ஸ் நகரத்தில் பிறந்து வளர்ந்தவள். டெயின்ட்ரீ ஆற்றுப் படகிலும் அங்குள்ள மழைக்காட்டு நடைகளிலும் பல்லி, பறவை, முதலை என்று பார்த்துப் பழகிவிட்டாள். நம்ம ஊர்க் காட்டையும் ஆற்றையும் அதே மாதிரி ஒருவர் கூடவே வந்து பொறுமையாகக் காட்ட வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாள் ஆசை. சித்தப்பா மகன் விசாரித்து, வன உயிர் ஆர்வலர்களுக்கான பரிசல் பயணமும் காட்டு நடையும் என்று விளம்பரம் செய்திருந்த ஒருவரிடம் முன்பணம் கட்டினான். அருவி, எண்ணெய்த் தேய்ப்பு, மீன் வறுவல் எல்லாம் உங்களுக்கே தெரியும், அதையெல்லாம் விட்டுவிடுகிறேன்.

காலை முதல் பரிசலில் ஏற்றிவிடுகிறேன் என்று சொல்லியிருந்தார். அவர் அனுப்பிய வழிகாட்டி வந்து சேர்ந்தபோது வெயில் சுள்ளென்று அடித்தது. கூட்டம் வந்து இறங்கிவிட்டது. வந்தவர் கழுத்தில் ஒரு புளூடூத் ஸ்பீக்கர். "வாங்க சார், காட்டு நடை ஆரம்பிக்கலாம்" என்று கூட்டிப்போனார். வண்டி நிறுத்தும் இடத்திலிருந்து மீன் கடைகள் வழியாக முதலைப் பண்ணை வரை நடந்தோம். கம்பிவேலிக்கு உள்ளே படுத்திருந்த முதலைகளைக் காட்டி, "இங்கேயே எல்லாம் பாத்துக்கலாம், ஆத்துல ஒண்ணும் தெரியாது" என்றார். மரத்தைக் காட்டி இது என்ன மரம் என்று மகள் கேட்டாள். "பெரிய மரம் பாப்பா" என்று பதில் வந்தது. அது மருதமரம். காவேரிக் கரையில் நிற்கும் மருதமரத்தின் பெயர் தெரியாத ஒருவர் வழிகாட்டி என்று காசு வாங்குகிறாரே என்று எனக்கு அங்கேயே மனசு கொதித்துவிட்டது.

டெயின்ட்ரீயில் ராத்திரி நடை போனால் டார்ச் வெளிச்சத்தை எங்கே அடிக்கலாம், எங்கே அடிக்கக் கூடாது என்பதில் இருந்துதான் பாடமே ஆரம்பிக்கும். மரத் தண்டைக் கட்டிப்பிடித்துத் தூங்கும் பாய்டு ஓணானை எழுப்பாமல் பார்க்கச் சொல்லித் தருவார்கள். காசோவரிப் பறவை பெரிய பழங்களை அப்படியே விழுங்கி, கொட்டைகளைத் தூரத்தில் கொண்டுபோய்ப் போடுவதால்தான் அந்தக் காட்டில் சில மரங்கள் பரவுகின்றன என்று, அந்த எச்சத்தையே காட்டி விளக்குவார்கள். அந்தக் காட்டின் சொந்த மக்களான குக்கு யலஞ்சி இனத்தவர் மாஸ்மன் பள்ளத்தாக்கில் அவர்களே நடை அழைத்துப் போகிறார்கள். 2021ல் டெயின்ட்ரீ தேசியப் பூங்காவின் உரிமையும் அவர்கள் கைக்குத் திரும்பியது. காட்டை அறிந்தவர்தான் அங்கே பேசுகிறார், சம்பளமும் அவருக்குத்தான்.

நம்ம பக்கம் மழைக்காடு இல்லை, எனக்குத் தெரியும். இது முள்ளும் மூங்கிலும் இலையுதிர் மரமுமான வறண்ட காடு. ஆற்றை ஒட்டி மட்டும் மருதும் நாவலும் பச்சையாக நிற்கும். ஆனால் இதன் மதிப்பு குறைவில்லை. 2014ல் காவேரி வடக்கு, 2022ல் காவேரி தெற்கு என்று கிருஷ்ணகிரி, தருமபுரி காடுகளில் இரண்டு வன உயிர்ச் சரணாலயங்கள் வந்திருக்கின்றன. யானை, நரை அணில், நீர்நாய், ஆற்று முதலை எல்லாம் இருக்கும் இடம். இப்படி ஒரு ஆற்றை வைத்துக்கொண்டு, ஸ்பீக்கரில் பாட்டுப் போட்டுக் காட்டுவதற்குப் பெயர் வன உயிர்ப் பயணமா?

சரி, பரிசலுக்கு வந்துவிடுகிறேன்.

பரிசல் ஓட்டிய அண்ணனுக்கு ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். உயிர்காப்பு அங்கியை மாட்டி வாரை இறுக்கிவிட்டு, எல்லாரையும் பரிசலின் விளிம்பை ஒட்டிச் சுற்றி உட்கார வைத்தார். மூங்கில் பின்னல், அடியில் தார் பூசிய பழைய மாதிரிப் பரிசல். நடு ஆற்றுக்கு வந்ததும், பரிசலைப் பம்பரம் மாதிரி சுழற்றுவதற்காக வழக்கம்போல "சுத்தி விடவா சார்?" என்று கேட்டார். மகள் முந்திக்கொண்டு, "வேண்டாம் அங்கிள், எனக்கு மிருகம் பாக்கணும்" என்றாள். அவர் ஒரு நிமிடம் அவளையே பார்த்தார். "நெசமாவா பாப்பா? அப்ப சத்தம் போடாம வரணும்" என்று சொல்லிவிட்டு, வழிகாட்டியின் கழுத்தைக் காட்டி, "அத மொதல்ல நிறுத்துங்க" என்றார். பாட்டு நின்றது. அந்த ஒரு வார்த்தையிலேயே எங்கள் முன்பணம் யாருக்குப் போயிருக்க வேண்டும் என்று எனக்குப் புரிந்துவிட்டது.

இரண்டு பக்கமும் பாறைச் சுவர் எழும்பி நிற்கும் இடத்தில், நீரோட்டத்தைவிட்டு ஒதுங்கி, துடுப்பை ஒரு பாறையில் ஊன்றிப் பரிசலை நிறுத்தினார். மூக்கை இழுத்துப் பார்த்தார். "கவிச்சி அடிக்குதா?" என்று கேட்டார். மீன் நாற்றத்தில் கொஞ்சம் காரமும் கலந்த மாதிரி ஒரு வாடை எனக்கும் வந்தது. தண்ணீர் மட்டத்துக்கு ஒரு முழம் மேலே தட்டையான பாறை. அதன்மேல் கருத்த, ஈரமான எச்சம். மகளைக் கிட்டே குனியச் சொல்லிக் காட்டினார். எச்சம் முழுக்க மீன் செதில், வெயிலில் சின்னச் சின்னதாக மின்னியது. நடுவே நண்டு ஓட்டுத் துண்டு ஒன்று. "காஞ்சிருந்தா நேத்து வந்தது. இது இன்னிக்குக் காலையில போட்டது. கூட்டமா வந்து ஒரே எடத்துலதான் போவாங்க" என்றார். நீர்நாய்களின் கழிப்பிடப் பாறைகளைக் கண்டுபிடித்து எச்சத்தில் செதிலையும் நண்டு ஓட்டையும் பிரித்துப் பார்ப்பதுதான் ஆராய்ச்சியாளர்களும் செய்வது. அண்ணன் அதை வாசனையிலேயே செய்துவிட்டார்.

கொஞ்ச நேரம் சும்மா இருந்தோம். எதிர்க்கரை மருதத்தின் வேருக்குப் பக்கத்தில் தண்ணீர் கோடு போட்டது. ஒரு தலை. அதன் பின்னால் இன்னொன்று. அப்புறம் எண்ண முடியாதபடி முங்குவதும் எழுவதுமாக ஒரு குடும்பமே வந்தது. பெரியது ஒன்று ஜிலேபி மீனோடு பாறைமேல் ஏறி, முன்கால் இரண்டாலும் மீனைப் பிடித்துக்கொண்டு தலையிலிருந்து தின்ன ஆரம்பித்தது. எலும்பு நொறுங்கும் சத்தம் எங்களுக்குக் கேட்டது. அவ்வளவு பக்கம்! குட்டி ஒன்று கிட்டே வந்து கீச்சென்று கத்த, பெரியது மீனோடு திரும்பி உட்கார்ந்துகொண்டது. டெயின்ட்ரீயில் இஞ்சின் சத்தம் இல்லாத சூரிய மின்சாரப் படகு என்று பெருமையாகச் சொல்வார்கள். நம்ம பரிசலுக்கு எந்தக் காலத்திலும் இஞ்சினே கிடையாது. காட்டு உயிர் பார்க்க இதைவிடப் பொருத்தமான ஓடம் உலகத்தில் எங்கே கிடைக்கும்?

அப்போதுதான் நம் வழிகாட்டி எழுந்து நின்று, பின்னால் வந்துகொண்டிருந்த தின்பண்டப் பரிசலைப் பார்த்து விசில் அடித்தார். சிப்ஸும் குளிர்பானமும் விற்கும் பரிசல். "சார், பாப்பாவுக்கு ஏதாவது வாங்கிக் குடுங்க" என்று சத்தமாகச் சொன்னார். பரிசல் ஆடியது. பாறைமேல் இருந்தது ஒரு தரம் புஸ்ஸென்று மூச்சுவிட்டது. அவ்வளவுதான், அத்தனையும் தண்ணீருக்குள் போய்விட்டன. பாதி தின்ற ஜிலேபி மட்டும் பாறையில் கிடந்தது. மகளுக்குக் கண் கலங்கிவிட்டது. எனக்கு அந்த ஸ்பீக்கரைப் பிடுங்கி ஆற்றில் எறியலாம் போல இருந்தது. பரிசல்கார அண்ணன் குரலை உயர்த்தவில்லை. "அவங்க வூட்டுக்குள்ள போயி கத்துனா இருப்பாங்களா?" என்றார், அவ்வளவுதான்.

திரும்பும் வழியில் அவராகவே மருத மர உச்சியில் சுள்ளியும் இலையுமாக உருண்டையாக இருந்த நரை அணில் கூட்டைக் காட்டினார். கிளைக்குக் கிளை தாவித்தான் அது ஆற்றோரம் முழுக்கப் போகும், நடுவில் நாலு மரம் வெட்டினால் அதற்குப் பாதையே அறுந்துவிடும் என்றார். நீர்நாய் வலையைக் கிழித்துவிடுமே, கோபம் வராதா என்று கேட்டேன். "திட்டுவோம். அதுக்கும் பசிதான சார்" என்றார். தண்ணீர் கூடினால் பரிசலுக்குத் தடை, பரிசல் ஓடாத நாளில் கூலியும் இல்லை என்றும் சொன்னார். 2024 ஜூலைக் கடைசியில் லட்சம் கன அடிக்கு மேல் தண்ணீர் வந்தபோதும் அதே கதைதான். நாங்கள் கட்டிய தொகையில் அவர் கைக்குப் போவது ரொம்பக் கொஞ்சம் என்பது பேச்சிலேயே தெரிந்தது. இறங்கும்போது தனியாகக் கொடுத்தேன். வாங்கவே தயங்கினார்.

விளம்பரக்காரரிடம் காட்டு நடை எங்கே என்று கேட்டதற்கு, "யானைக் காடு சார், உள்ளே விடமாட்டாங்க" என்றார். அது உண்மைதான். அனுமதி இல்லாமல் சரணாலயத்துக்குள் கால் வைக்கக் கூடாது, வைக்கவும் வேண்டாம். ஆனால் முன்பணம் வாங்கும் முன்னால் அல்லவா அதைச் சொல்லியிருக்க வேண்டும்? "அதான் நீர்நாய் பாத்தீங்கல்ல" என்று வேறு சொல்கிறார். காட்டியது அவர் ஆள் இல்லை, விரட்டியதுதான் அவர் ஆள். நாங்கள் இருக்கும் ஊரில் இப்படி விற்றிருந்தால் காசைத் திருப்பிக் கேட்க ஒரு வழி இருக்கும். இங்கே சித்தப்பா மகன், "விடுண்ணா, ஊருக்கு வந்த எடத்துல எதுக்கு வம்பு" என்று இழுத்துக்கொண்டு வந்துவிட்டான். எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஏனென்றால் இது முடியாத காரியம் இல்லை. தமிழ்நாடு அரசு 2024ல் ஆரம்பித்த மலையேற்றத் திட்டத்தில் 40 பாதைகள் இருக்கின்றன, காட்டை ஒட்டிய கிராமத்து இளைஞர்களையே பயிற்சி கொடுத்து வழிகாட்டிகளாக வைத்திருக்கிறார்கள். கிருஷ்ணகிரி மாவட்டத்தில் குத்திராயன் பாதையும் அதில் உண்டு. மலைக்குச் செய்ததை ஆற்றுக்கும் செய்யலாமே. காலையில் கூட்டம் வருவதற்கு முன் நாலைந்து பரிசல், சுற்றிவிடுவது கிடையாது, ஸ்பீக்கர் கிடையாது, தின்பண்டப் பரிசல் அந்த நேரத்தில் வரக் கூடாது, ஓட்டுபவருக்கே வழிகாட்டிக் கூலி. இரண்டு மடங்கு கட்டணம் என்றாலும் என்னைப் போன்றவர்கள் மறுபேச்சில்லாமல் கொடுப்போம்.

அது வரும்வரை, பிள்ளைகளோடு போகிறவர்கள் நடுவில் நிற்கும் தரகர் யாரிடமும் முன்பணம் கட்டாதீர்கள். கர்நாடகத்தில் மழை பிடித்துக்கொண்டால் தடை போட்டுவிடுவார்கள், அதனால் கிளம்பும் முன் நீர்வரத்தைச் செய்தியில் பாருங்கள். தண்ணீர் வடிந்து பாறைகள் வெளியே தெரியும் மாதங்கள் நல்லது. வார நாளில், பரிசல் துறை திறந்ததும் போய், சீட்டு வாங்கி, ஏறும் முன்பே "சுத்த வேண்டாம் அண்ணா, மெதுவாப் போங்க, நீர்நாய் பாக்கணும்" என்று சொல்லிவிடுங்கள். கூடுதல் நேரத்துக்குக் காசை அவர் கையிலேயே கொடுங்கள். குளியலும் மீன் வறுவலும் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.