தராசு டிஎல்எல்லோட நாலு வருஷம்: கால்பேக் பண்ண பாடு

காரைக்குடில ஒரு பலகாரக் கடைக்கு பில்லிங் சாஃப்ட்வேர் எழுதிக் குடுத்து நாலு வருஷமாச்சு. சி ஷார்ப்புல எழுதினது. மின் தராசோட வந்த டிஎல்எல் ஃபைல் (வேற புரோகிராம் கூப்பிட்டு உபயோகிச்சுக்கிற ரெடிமேட் கோடு) வழியாத்தான் எடை வாங்குறோம், தட்டுல தேன்குழலை வச்சு நம்பர் ஆடாம நின்னதும் டிஎல்எல்லே நம்ம ஃபங்ஷனைக் கூப்பிட்டு "இந்தா 250 கிராம்"னு சொல்லும். அதான் கால்பேக். நாம போய் கேட்டுக்கிட்டே நிக்க வேணாம்.

முதல் நாளே மல்லுக்கட்டுதான். என் லேப்டாப்ல ஓடினது கடை கம்ப்யூட்டர்ல "எம்எஸ்விசிஆர்100.டிஎல்எல் காணோம்"னு நின்னுருச்சு. கடைல இருந்த பையன் ஏதோ ஒரு சைட்ல இருந்து அந்த ஒத்த ஃபைலை மட்டும் இறக்கிப் போட்டுருந்தான். தயவுசெஞ்சு அதைப் பண்ணாதீங்க, அதுக்குள்ள என்ன இருக்குன்னு யாருக்கும் தெரியாது. அது விஷுவல் சி++ 2010 ரன்டைமோட (அதுல எழுதினது ஓடறதுக்கு வேண்டிய துணை ஃபைல்களோட) ஃபைல், மைக்ரோசாஃப்ட்டோட இன்ஸ்டாலரைப் போட்டா தானா வந்துரும். தராசு டிஎல்எல் 32 பிட்டுங்கிறதால விண்டோஸ் 64 பிட்டா இருந்தாலும் எக்ஸ்86, அதாவது 32 பிட் இன்ஸ்டாலர்தான் போடணும். நம்ம புரோகிராமையும் எக்ஸ்86ன்னே பில்ட் பண்ணணும், இல்லைன்னா பேட் இமேஜ் ஃபார்மட்னு எரர் வரும். இன்னொன்னு, சிஸ்டம்32 ஃபோல்டர்ல இருக்கிறது 64 பிட் ஃபைலுங்க, 32 பிட் இருக்கிறது சிஸ்வாவ்64ல, பேரைப் பாத்து ஏமாந்துறாதீங்க. நான் ரெண்டுலயும் கை வைக்கல, எக்ஸ்இ இருக்கிற ஃபோல்டர்லயே டிஎல்எல்லைப் போட்டேன், அங்கதான் முதல்ல தேடும்.

உண்மையான தலைவலி தீபாவளி நேரத்துல வந்துச்சு. மணகோலம், சீப்பு சீடை, அதிரசம்னு வரிசைல ஆள் நிக்க, எடை போட்டுக்கிட்டு இருக்கும்போதே புரோகிராம் பொசுக்குன்னு மூடிக்கும். எரர் மெசேஜ்கூட கிடையாது. "தம்பி, கூட்டம் வந்தாத்தான் இது படுக்குது"ன்னு கடைக்கார ஆச்சி போன்ல சொன்னாங்க. நான் அதை சரியா காதுல வாங்காம கேபிளை மாத்தி, போர்ட்டை மாத்தி, டிஎல்எல்லைத் திரும்பப் போட்டு ரெண்டு நாளை வீணாக்கிட்டேன். ஆச்சி சொன்னதுலயே விடை இருந்துச்சு.

விண்டோஸ் எரரைக் குறிச்சு வைக்கிற ஈவன்ட் வியூவர்ல பாத்தா சி0000005, அதாவது ஆக்சஸ் வயலேஷன், தொடக்கூடாத மெமரி இடத்தைத் தொட்டுருக்கு. நம்மூரு பெரிய வீட்டை நினைச்சுக்கங்க. முகப்புல இருக்கிறவர்ட்ட "ஆள் வந்தா கூப்பிடுங்க, ரெண்டாங்கட்டுல இருக்கேன்"னு சொல்லிட்டு உள்ள போறோம், அப்புறம் அந்த ரூமைக் காலி பண்ணிட்டு வேற எங்கயோ போயிட்டோம், அவருக்குத் தகவல் சொல்லல. அவரு பழைய கதவைத்தான் தட்டுவாரு. டிஎல்எல்ட்ட நாம குடுக்கிறதும் ஒரு அட்ரஸ்தான். நான் டெலிகேட்டை (சி ஷார்ப்புல நம்ம ஃபங்ஷனைச் சுட்டிக் காட்டுறது) ஒரு ஃபங்ஷனுக்குள்ளயே உருவாக்கி நேரா டிஎல்எல்ட்ட குடுத்துட்டேன், வேற எங்கயும் பிடிச்சு வைக்கல. நம்ம பக்கம் யாரும் பிடிக்கலைன்னா மெமரியைச் சுத்தம் பண்ற கார்பேஜ் கலெக்டர் அதைக் குப்பைன்னு தூக்கிரும், டிஎல்எல் இன்னும் அதை வச்சிருக்குங்கிறது அதுக்குத் தெரியாது. பில் கூடக்கூட மெமரி நிறையும், கலெக்டர் ஓடும், அடுத்த எடைல படுத்துரும். வீட்ல பத்து பில் போட்டு டெஸ்ட் பண்ணா எப்படித் தெரியும்!

கண்டுபிடிக்க ஒரு பட்டன் வச்சு அதுல கலெக்டரை உடனே ஓட வைக்கிற ஜிசி.கலெக்ட்னு ஒத்த வரி எழுதி அமுக்குனேன், தட்டுல ஒரு பாக்கெட்டை வச்சேன், உடனே செத்துச்சு. டெலிகேட்டை, புரோகிராம் ஓடுற வரைக்கும் விடாம பிடிச்சு வைக்கிற ஸ்டேட்டிக் ஃபீல்டுல வச்சதும் அந்தக் கோளாறு அதோட போச்சு.

கால்பேக் வர்றது டிஎல்எல்லோட சொந்த த்ரெட்ல (ஸ்கிரீனைப் பாத்துக்கிறதுக்குப் பக்கத்துலயே தனியா ஓடுற வேலை), அதுலருந்து நேரா ஸ்கிரீன்ல இருக்கிற டெக்ஸ்ட்பாக்ஸைத் தொட்டா எரர். அந்த வேலையை ஸ்கிரீன் த்ரெட்ட குடுத்து முடியற வரைக்கும் காத்திருக்கிற இன்வோக் போட்டேன், ஆனா கடை மூடுற நேரம் புரோகிராம் தொங்கும், போர்ட்டை மூடுறது கால்பேக் முடியட்டும்னு காத்திருக்கும், கால்பேக் ஸ்கிரீனுக்காகக் காத்திருக்கும். குடுத்துட்டுக் காத்திருக்காத பிகின் இன்வோக்னு மாத்துனதும் சரியாயிருச்சு. இன்னொன்னு, ஃபங்ஷனைக் கூப்பிடுற முறை, அதாவது காலிங் கன்வென்ஷன், எஸ்டிடிகாலா சிடெக்லான்னு தராசு கம்பெனி குடுத்த ஹெடர் ஃபைல்ல ஒரு தடவை பாத்துக்கங்க, 32 பிட்ல அது தப்புனா ஸ்டாக் (ஃபங்ஷன் கூப்பிடும்போது உபயோகிக்கிற மெமரி) கெட்டு இதே மாதிரிதான் படுக்கும்.

தராசு கம்பெனி இன்னும் 64 பிட் டிஎல்எல் தரல, அதனால எக்ஸ்86லயே ஓட்டிக்கிட்டு இருக்கோம். அந்த டிஎல்எல், ரன்டைம் இன்ஸ்டாலர் ரெண்டையும் ஒரு பென்டிரைவ்ல போட்டு ஆச்சி கல்லாப்பெட்டிலயே வச்சிருக்கோம்.