லாம்போ ஃபீல்டு: சாய்மானமில்லாத பெஞ்சில் எண்பத்தோராயிரம் பேர்

அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் உள்ள கிரீன் பே நகரின் மக்கள்தொகை ஏறத்தாழ 1,07,000. அந்த ஊரின் தொழில்முறை அமெரிக்கக் கால்பந்து அணியான கிரீன் பே பேக்கர்ஸ் விளையாடும் லாம்போ ஃபீல்டு மைதானத்தில் 81,441 பேர் உட்காரலாம். ஊரில் கைக்குழந்தை முதல் முதியவர் வரை எல்லோரையும் கணக்கில் எடுத்தாலும், நான்கு பேரில் மூவர் வந்தால்தான் மைதானம் நிறையும். ஆனாலும், வழக்கமான சீசன் ஆட்டங்களைப் பொறுத்தவரை, 1960 முதல் இங்கே டிக்கெட்டுகள் முழுவதும் விற்றுத் தீர்ந்து வருகின்றன. அதே மாநிலத்தில் உள்ள மில்வாக்கி நகரிலிருந்து நான்கு முறை அங்கே சென்று ஆட்டம் பார்த்தவன் என்ற முறையில், டிக்கெட்டுக்கும் பயணத்துக்கும் செலவழிக்கும் பணத்துக்கு அங்கே என்ன கிடைக்கிறது, என்ன கிடைப்பதில்லை என்பதை விரிவாக எழுத விரும்புகிறேன்.

முதலில் டிக்கெட். நேரடியாக அணியிடமிருந்து சீசன் டிக்கெட் வாங்கிவிடலாம் என்று நினைப்பவர்கள் அந்த எண்ணத்தைக் கைவிடுவது நல்லது. காத்திருப்போர் பட்டியலில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட பெயர்கள் உள்ளன. குழந்தை பிறந்ததும் அதன் பெயரைப் பட்டியலில் சேர்க்கும் குடும்பங்களும், நிலபுலன்களைப் போல டிக்கெட் உரிமையையும் அடுத்த தலைமுறைக்கு எழுதி வைக்கும் குடும்பங்களும் இங்கே சாதாரணம். எனக்குக் கிடைத்த மிகச் சிறந்த இருக்கை அப்படிப்பட்ட ஒரு குடும்பத்தின் வழியாகவே கிடைத்தது. 1994 வரை பேக்கர்ஸ் அணி தன் சொந்த மைதான ஆட்டங்களில் சிலவற்றை மில்வாக்கியில் ஆடி வந்தது. அந்த ஏற்பாடு முடிவுக்கு வந்தபோது, மில்வாக்கியில் டிக்கெட் வைத்திருந்தவர்களைக் கைவிடாமல், ஆண்டுக்கு இரண்டு சீசன் ஆட்டங்களையும் ஒரு பயிற்சி ஆட்டத்தையும் அவர்களுக்கென்று கிரீன் பேயிலேயே ஒதுக்கினார்கள். இதைத் தங்கத் தொகுப்பு என்றும், மற்றவர்களுடையதைப் பச்சைத் தொகுப்பு என்றும் அணியின் இரு நிறங்களால் அழைக்கிறார்கள். என் அலுவலக நண்பர் ஒருவர் தன் தாத்தா வாங்கிய தங்கத் தொகுப்பிலிருந்து இரண்டு இருக்கைகளை, தான் செலுத்திய அதே விலைக்கு எனக்குக் கொடுத்தார்.

அந்த வாய்ப்பு இல்லாதவர்களுக்கு மறுவிற்பனைத் தளங்கள்தான் வழி. இதில் எனக்கு ஒரு கசப்பான அனுபவம் உண்டு. ஒரு தளத்தில் முதல் பக்கத்தில் காட்டிய விலைக்கும், பணம் செலுத்தும் கடைசிப் பக்கத்தில் கட்டணங்களெல்லாம் சேர்ந்து வந்த விலைக்கும் இடையிலான வித்தியாசம் இன்னொரு டிக்கெட்டின் பாதி விலைக்கு வந்தது. அன்று முதல், இறுதித் தொகையைப் பார்க்காமல் எந்த இருக்கையையும் மலிவு என்று நான் முடிவு செய்வதில்லை. சிகாகோ பியர்ஸ் போன்ற பழைய எதிரி அணி வரும்போது விலை ஏறும். கடுங்குளிர் என்று வானிலை அறிக்கை சொன்னால் ஆட்டம் நெருங்க நெருங்க இறங்கும். குளிரைத் தாங்கக்கூடியவர்களுக்கு இந்த இரண்டாவது விஷயம் பெரிய உதவி.

மில்வாக்கியிலிருந்து காரில் செல்ல இரண்டு மணி நேரம் ஆகும். ஆட்ட நாளில், குறிப்பாகத் திரும்பும்போது, அதைவிடக் கூடுதலாக ஆகும் என்பதை மனத்தில் வைத்துக் கிளம்ப வேண்டும். மைதானம் ஊருக்கு வெளியே வெட்டவெளியில் இல்லை. சாதாரணக் குடியிருப்புத் தெருக்களை ஒட்டியே நிற்கிறது. அத்தெருக்களில் வீட்டுக்காரர்கள் தங்கள் புல்தரையைக் கார்களுக்கு வாடகைக்கு விடுகிறார்கள். நான் எப்போதும் அங்கேதான் நிறுத்துகிறேன். வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கும் வீட்டுக்காரர், எந்தக் கார் முதலில் வெளியேற வேண்டும் என்று கேட்டு வரிசைப்படுத்துவார்; கழிவறை வேண்டுமா என்று கேட்டவர்கள்கூட உண்டு. மைதானத்தின் பெரிய வாகன நிறுத்தத்திலோ, ஆட்டத்துக்குப் பல மணி நேரம் முன்பே காரின் பின்கதவைத் திறந்து வைத்து, அடுப்பு மூட்டி, பிராட்வர்ஸ்ட் என்னும் தடித்த இறைச்சிக் குழல்களைச் சுடத் தொடங்கிவிடுகிறார்கள். இதற்கு டெயில்கேட் என்று பெயர். முன்பின் அறியாதவருக்கும் ஒரு தட்டை நீட்டுவது அங்கே வழக்கம். இறைச்சி உண்ணாதவர்கள், மாவில் தோய்த்துப் பொரித்த சீஸ் துண்டுகளைக் கேட்டு வாங்கலாம்; சூடு ஆறும் முன் சாப்பிட்டுவிட வேண்டும்.

நுழைவதில் பெரிய சிரமம் இல்லை. ஒளி ஊடுருவும் பை மட்டுமே அனுமதி என்பது இந்த அணிகளின் தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல். அமைப்பின் விதி, கைப்பையோடு வந்து வரிசையிலிருந்து காருக்குத் திரும்பியவர்களை ஒவ்வொரு முறையும் பார்க்கிறேன். டிக்கெட் கைப்பேசியில்தான் இருக்கும். குளிரில் பேட்டரி விரைவில் இறங்கும் என்பதால் கைப்பேசியைச் சட்டையின் உட்பையில் வைத்துக்கொள்ளுங்கள்.

இனி இருக்கை. லாம்போ ஃபீல்டின் பெரும்பாலான இருக்கைகள் நாற்காலிகள் அல்ல, நீண்ட அலுமினிய பெஞ்சுகள். சாய்மானம் இல்லை, கைப்பிடி இல்லை. பெஞ்சில் ஒட்டியிருக்கும் எண்தான் உங்கள் இடத்தின் எல்லை. செப்டம்பரில் மெல்லிய சட்டையோடு சென்றபோது அந்த எல்லைக்குள் நன்றாகவே உட்கார முடிந்தது. நவம்பர் இறுதியில் அதே அளவு இடத்தில், இரண்டு ஸ்வெட்டரும் கனத்த கோட்டும் அணிந்த நான், அதேபோல அணிந்த இருவருக்கு நடுவே உட்கார்ந்தபோது, எண் எங்கே இருக்கிறது என்பதே கோட்டுகளுக்கு அடியில் மறைந்துவிட்டது. வரிசையில் ஒருவர் எழுந்தால் மற்றவர்கள் பரவி விடுவார்கள். அவர் திரும்பி வந்ததும் எல்லோரும் மீண்டும் ஒடுங்கிக்கொள்ள வேண்டும். மூன்று மணி நேரத்துக்கும் மேல் இப்படி உட்கார்வது முதுகுவலி உள்ளவர்களுக்கு உண்மையான துன்பம். சாய்மானம் உள்ள மடக்கு இருக்கை வாடகைக்குக் கிடைக்கிறது. அதில் சிக்கனம் பார்க்க வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து.

அந்த நவம்பர் ஆட்டத்தில் என் இடப்புறம் எழுபது வயதைத் தாண்டிய ஓர் அம்மையார் உட்கார்ந்திருந்தார். நான் கால்களை மாற்றி மாற்றித் தட்டிக்கொண்டிருந்ததைக் கவனித்த அவர், தன் காலடியில் கிடந்த அட்டைப்பெட்டித் துண்டில் பாதியைக் கிழித்து என் பக்கம் தள்ளினார். “காலை இதன்மேல் வையுங்கள். குளிர் காற்றிலிருந்து வருகிறது என்று நினைக்கிறீர்கள்; அது சிமெண்டிலிருந்துதான் வருகிறது” என்றார். பத்து நிமிடத்தில் விரல்களுக்கு உணர்ச்சி திரும்பியது. 1967 டிசம்பர் 31 அன்று, வெப்பநிலை மைனஸ் 25 டிகிரி செல்சியஸ் அளவில் இருந்தபோது, டல்லாஸ் கவ்பாய்ஸ் அணியை 21-17 என்று பேக்கர்ஸ் வென்ற ‘ஐஸ் பௌல்’ ஆட்டம் நடந்தது இதே மைதானத்தில்தான். அன்று தரையைச் சூடாக்கும் கருவி செயலிழந்து புல்தரையே உறைந்துபோனது. அந்த அம்மையாரின் அண்ணன் அன்று அங்கே இருந்தாராம். அட்டையைக் காலடியில் போடும் பழக்கம் தங்கள் வீட்டுக்கு அவரிடமிருந்தே வந்தது என்றார்.

நான் திரும்பத் திரும்பச் செல்வதற்கான காரணம் கூட்டத்தின் சத்தம். அதைவிட, சத்தம் எப்போது எழ வேண்டும் என்று அந்தக் கூட்டத்துக்குத் தெரிந்திருப்பது. அமெரிக்கக் கால்பந்தில் பந்தை வைத்திருக்கும் அணி நான்கு முயற்சிகளுக்குள் பத்து யார்டு முன்னேற வேண்டும். ஒவ்வொரு முயற்சிக்கும் முன்பாக, அந்த அணியின் தாக்குதலை வழிநடத்தும் வீரரான குவார்ட்டர்பேக் தன் வீரர்களுக்குக் குரல்கொடுத்துத் திட்டத்தைச் சொல்கிறார்; பந்து எப்போது கைமாறும் என்பதும் அந்தக் குரலில்தான் இருக்கிறது. பேக்கர்ஸிடம் பந்து இருக்கும்போது எண்பதாயிரம் பேரும் தணிந்து, பக்கத்தில் இருப்பவரோடு தாழ்ந்த குரலில் பேசுகிறார்கள். எதிரணியிடம் பந்து சென்றதும் சத்தம் ஏறத் தொடங்குகிறது. மூன்றாவது முயற்சி வரும்போது எல்லோரும் எழுந்து நிற்கிறார்கள், அலுமினிய பெஞ்சுகளைக் கால்களால் உதைக்கிறார்கள். எதிரணி வீரர்களுக்குத் தங்கள் குவார்ட்டர்பேக்கின் குரல் கேட்காமல் போகிறது. கைச்சைகையையும் தலையசைப்பையும் நம்ப வேண்டியதாகிறது. ஒருவர் அவசரப்பட்டு முன்னால் நகர்ந்துவிட்டால் ஐந்து யார்டு தண்டனை. செப்டம்பர் ஆட்டத்துக்கு என்னுடன் வந்த பதினொரு வயது மகள், நம் அணி முன்னேறும்போது உற்சாகத்தில் கத்தினாள். முன்வரிசையில் இருந்தவர் திரும்பி, புன்னகையோடு உதட்டில் விரலை வைத்துக் காட்டினார். அடுத்த முறை எதிரணியிடம் பந்து வந்ததும் அவரே திரும்பி இரு கைகளையும் உயர்த்தி, “இப்போது கத்து” என்றார். அந்த மூன்றாவது முயற்சியில் எதிரணி வீரர் ஒருவர் முன்னதாகவே நகர்ந்து தண்டனை பெற்றபோது, தன் குரலும் அதற்குக் காரணம் என்று அவள் முழுமையாக நம்பினாள். அவள் நம்பியது சரி என்றே நானும் நினைக்கிறேன். தொலைக்காட்சியில் ஆட்டம் இதைவிடத் தெளிவாகத் தெரியும், மறுஒளிபரப்பும் உண்டு. ஆனால் ஆட்டத்தின் போக்கில் ஒரு பார்வையாளருக்கு இருக்கும் இந்தச் சிறு பங்கு வீட்டு வரவேற்பறையில் கிடைக்காது.

பந்தோடு எதிரணியின் இலக்குக் கோட்டைத் தாண்டி, டச்டவுன் என்னும் புள்ளிகளை எடுத்த வீரர் அப்படியே ஓடிச் சுவரில் தாவி, முன்வரிசைப் பார்வையாளர்களின் கைகளில் விழும் ‘லாம்போ லீப்’ வழக்கத்தை 1993 டிசம்பரில் லெராய் பட்லர் தொடங்கி வைத்தார். அதை அருகிலிருந்து பார்க்க வேண்டுமானால் அந்தக் கோட்டுக்கு அப்பால் உள்ள எண்ட் ஸோன் பகுதியை ஒட்டிய கீழ்வரிசைகளில் இடம் தேட வேண்டும். ஆட்டத்தின் முழு அமைப்பும் விளங்க வேண்டும் என்பவர்களுக்கு, மூலைப் பகுதியின் மேல்வரிசைகள் குறைந்த விலையில் நிறைவான காட்சியைத் தருகின்றன. என் தேர்வு எப்போதும் மேல்வரிசைதான்.

விற்றுத் தீர்ந்தது என்றால் எல்லா இருக்கைகளும் நிறைந்தன என்று பொருளல்ல. அறிவிக்கப்படும் வருகை எண்ணிக்கை பொதுவாக வழங்கப்பட்ட டிக்கெட்டுகளைக் குறிக்கிறது. தோல்விமுகமான ஆண்டின் இறுதியிலோ கடும்பனியிலோ வெற்றிடங்கள் கண்ணுக்குத் தெரியும். 2014 ஜனவரியில் சான் பிரான்சிஸ்கோ 49யர்ஸ் அணியுடனான பிளேஆஃப் ஆட்டத்துக்கு, அதாவது வழக்கமான சீசன் முடிந்தபின் நடக்கும் வெளியேற்றுச் சுற்று ஆட்டத்துக்கு, ஆயிரக்கணக்கான டிக்கெட்டுகள் கடைசி நாட்கள் வரை விற்காமல் கிடந்தன. கெடுவுக்குள் விற்காத ஆட்டத்தை உள்ளூர்த் தொலைக்காட்சியில் காட்டக்கூடாது என்ற விதி அப்போது இருந்தது. கெடு நீட்டிக்கப்பட்டு, வணிக நிறுவனங்களும் வாங்கி உதவியதால்தான் டிக்கெட்டுகள் தீர்ந்தன. மைனஸ் 15 டிகிரியில் நடந்த அந்த ஆட்டத்தில் பேக்கர்ஸ் 20-23 என்று தோற்றது. அந்த விதியை என்.எஃப்.எல். 2015 முதல் நிறுத்தி வைத்துவிட்டது. இன்று தேசியத் தொலைக்காட்சி ஒப்பந்தங்கள் உள்ளிட்ட பொது வருமானத்திலிருந்து மட்டும் ஒவ்வோர் அணிக்கும் ஆண்டுக்கு 40 கோடி டாலருக்கும் மேல் கிடைக்கிறது. இந்தத் தொகை வெளியுலகுக்குத் தெரிவதே பேக்கர்ஸால்தான்: தனி முதலாளி இல்லாத, 1923 முதல் பொதுமக்களுக்குச் சொந்தமான இலாப நோக்கற்ற நிறுவனமாக இருப்பதால், அது தன் கணக்கை ஆண்டுதோறும் வெளியிடுகிறது. பங்குதாரர்கள் ஐந்து லட்சத்துக்கும் மேல். அவர்களுக்கு ஈவுத்தொகை இல்லை, பங்கை விற்று இலாபம் பார்க்க வழியில்லை, டிக்கெட்டில் முன்னுரிமையும் இல்லை. என் காரை நிறுத்திய வீட்டின் வரவேற்பறையில், திருமணப் புகைப்படத்துக்குப் பக்கத்தில், சட்டமிட்ட பங்குச் சான்றிதழ் தொங்கியது.

குறைகளையும் சொல்ல வேண்டும். அறுபது நிமிட ஆட்டம் மூன்று மணி நேரத்தைத் தாண்டுவதற்கு விளம்பர இடைவேளைகள் முக்கியக் காரணம். வீட்டில் எழுந்து தேநீர் போடும் அந்த நேரத்தில் மைதானத்தில் இருப்பவர்கள் குளிரில் சும்மா நிற்கிறார்கள். பாதி ஆட்ட இடைவேளையில் கழிவறை வரிசை மிக நீளம். இரண்டாம் கால்பகுதி முடிவதற்குச் சற்று முன்பே சென்று வருவது நல்லது. உள்ளே உணவின் விலை அதிகம். வெளியே டெயில்கேட்டில் உண்டதன் சுவை அதற்குக் கிடையாது.

குழந்தைகளோடும் வயதானவர்களோடும் செல்பவர்களுக்குச் செப்டம்பரும் அக்டோபர் முதல் பாதியும் ஏற்றவை. தனியாகவோ நண்பர்களோடோ செல்பவர்கள் ஒருமுறையாவது நவம்பருக்குப் பிறகு செல்லட்டும். அலுமினிய பெஞ்சு உதைபடும் ஒலி குளிர்ந்த காற்றில் வேறுவிதமாகக் கேட்கிறது. கனத்த காலுறை இரண்டு ஜோடி, மடக்கு இருக்கைக்கான பணம், காலடிக்கு ஓர் அட்டை ஆகிய மூன்றும் கட்டாயம். அட்டையைச் சற்றுப் பெரியதாகவே எடுத்துச் செல்லுங்கள். பக்கத்து இருக்கைக்காரர் முதன்முறையாக வந்தவராக இருக்கலாம்.