"ரெண்டு மணி வரைக்கும் ஓகே மேடம்" என்றால், எது ஓகே என்று கேளுங்கள்

தம்பி கல்யாணம் ஒரு கடலோர ஊரில். இரண்டு வீட்டுக்கும் அது சொந்த ஊர் இல்லை. கடலைப் பார்த்தபடி கல்யாணம் நடக்க வேண்டும் என்ற ஆசைக்காகப் பிடித்த ஊர். ரிசெப்ஷன் நடக்கிற இடத்தில் 10.30-க்கு விளக்கை அணைத்துவிடுவார்கள். அதற்குப் பிறகு 60 பேர் ஆடிப்பாட ஓரிடம் வேண்டும். "அக்கா, இதை மட்டும் நீ பார்த்துக்கோ" என்றான். பார்த்துக்கொண்ட லட்சணத்தைத்தான் எழுதுகிறேன். இடம் பிடித்துக் கொடுத்த ஏஜென்ட் பெயரைப் போடவில்லை. புகார் கொடுத்திருக்கிறோம், அது முடியட்டும்.

ராத்திரிக்கு மேல் ஆட்டம்பாட்டத்துக்குச் சின்ன ஊர்களில் இடம் கிடைப்பது கஷ்டம். ஒன்பது இடத்துக்குப் போன் செய்தேன். எட்டுப் பேர் முகத்துக்கு நேரே முடியாது என்று சொன்னார்கள், அந்த எட்டுப் பேருக்கும் இன்று மனதார நன்றி. ஒன்பதாவது ஆள்தான் அந்த ஏஜென்ட், எதற்குமே மறுப்புச் சொல்லவில்லை. அப்போதே சுதாரித்திருக்க வேண்டும்.

"எத்தனை மணி வரைக்கும்?"

"ரெண்டு மணி வரைக்கும் ஓகே மேடம்."

"பார் இருக்கா?"

"ஃபுல் பார் மேடம்."

"பாட்டு?"

"சிஸ்டம் சூப்பரா இருக்கும், உங்க டிஜேயும் வரலாம்."

"கடற்கரைக்கு இறங்க முடியுமா?"

"மாடியிலேர்ந்து படி இறங்கினா மணல்தான் மேடம்."

திரும்பத் திரும்ப யோசித்துப் பார்த்துவிட்டேன். இதில் ஒரு பதில்கூடப் பச்சைப் பொய் இல்லை. ஒவ்வொன்றும் நான் கேட்காத வேறொரு கேள்விக்குச் சரியான பதில்.

நானும் ஏதோ கெட்டிக்காரி என்ற நினைப்பில் நேரில் போய்ப் பார்த்தேன். பகலில் பார்த்தால் ஏமாந்துவிடுவோம் என்று, பார்ட்டிக்குச் சரியாக ஒரு வாரம் முன்னால், அதே சனிக்கிழமை, அதே ராத்திரி 11 மணிக்கு. வானத்தில் அரை நிலா. மாடிப்படி முடிகிற இடத்திலிருந்து மணல் விரிந்து கிடந்தது. அங்கேயே நின்று அட்வான்ஸை அனுப்பினேன். பாதியைக் கார்டில் கட்டினேன். மீதியை "அர்ஜென்ட் மேடம், இன்னொரு பார்ட்டி கேட்கிறாங்க" என்று சொன்னதால் அவருடைய சொந்தக் கணக்குக்கே அனுப்பினேன். அவர் அந்த இடத்துக்குச் சொந்தக்காரரும் இல்லை, அங்கே வேலை பார்ப்பவரும் இல்லை, வெறும் இடைத்தரகர் என்று தெரிந்தது பார்ட்டி அன்றைக்குத்தான்.

அன்றைக்கு நாங்கள் போய்ச் சேர 11.10 ஆயிற்று. வாசலில் மேனேஜர், நல்ல மனிதர், கையில் ஒரு தாளோடு நின்றார். மொட்டைமாடி 11 மணிக்கு மூடியாகிவிட்டது, திறந்தவெளியில் அதற்கு மேல் அனுமதி இல்லை, உள்ளே ஹாலுக்கு வாருங்கள் என்றார். ஏஜென்டின் விளம்பரப் படத்தைப் பார்த்து மயங்கியது அந்த மாடிக்காகத்தான். சரி, கல்யாண நாள், சண்டை வேண்டாம் என்று உள்ளே போனோம்.

ஹாலில் கூரையோரம் ஒரு சின்ன மைக், பக்கத்துச் சுவரில் பச்சை, மஞ்சள், சிவப்பு விளக்கு. எங்கள் டிஜே பையன் அதைப் பார்த்ததுமே முகம் மாறினான். "அக்கா, லிமிட்டர் வெச்சிருக்காங்க." எனக்கு அன்றைக்குத்தான் அந்த வார்த்தையே தெரியும். ஹாலில் சத்தம் குறிப்பிட்ட டெசிபலைத் தாண்டிச் சில நொடி நீடித்தால் சிவப்பு விளக்கு எரியும், அதோடு ஸ்பீக்கர் சொருகியிருக்கிற பிளக்குக்கு வரும் கரண்டையே வெட்டிவிடும். அந்த மைக்குக்குப் பாட்டுச் சத்தம், மனுசச் சத்தம் என்ற பேதம் கிடையாது. பெண்ணும் மாப்பிள்ளையும் உள்ளே நுழைந்தார்கள், 60 பேரும் ஒரே குரலில் கத்தினார்கள், கரண்ட் போயிற்று. டிஜே விளக்குகளும் அதே பிளக்கில்தான் என்பதால் பாதி ஹால் இருட்டு. மேனேஜர் வந்து சுவிட்சைப் போட்டுவிட்டுப் போனார். அடுத்த பாட்டின் நடுவில் மறுபடி. மூன்றாவது தடவைக்குப் பிறகு, இப்படித் திடீர் திடீரென்று கரண்டை வெட்டினால் ஆம்ப்ளிஃபையர் போய்விடும் என்று டிஜே சத்தத்தைக் குறைத்துவிட்டான். பிறகு சித்தப்பா பேசுவது பாட்டைவிட நன்றாகக் கேட்டது.

ஊர்க்காரர்கள் மேல் எனக்குக் கோபமில்லை. பாட்டின் 'தம் தம்' என்ற அடிச்சத்தத்துக்குச் சுவர் ஒரு தடையே இல்லை. காற்று அடங்கிய ராத்திரியில் தரைக்கும் தண்ணீருக்கும் பக்கத்தில் காற்று குளிர்ந்து, மேலே சூடாக இருந்தால், மேலே போகிற ஒலி வளைந்து கீழேயே இறங்கும். பகலில் பக்கத்துத் தெருவுக்கே கேட்காதது அப்போது வெகுதூரம் போகும். அந்த இடத்தின் மேல் ஏற்கெனவே புகார்கள் வந்து, அதனால்தான் லிமிட்டரே வைத்தார்களாம். இதெல்லாம் ஏஜென்டுக்கும் தெரியும்.

12 மணிக்கு பார் ஷட்டர் இறங்கியது. "ரெண்டு மணின்னு சொன்னாங்களே" என்றேன். மேனேஜர் அந்தத் தாளை நீட்டினார். மாடி 11. கடைசி ஆர்டர் 12. ஹாலில் பாட்டு 12.30. வாசல் அடைப்பது 2 மணி, அதுவும் அங்கே அறை எடுத்துத் தங்குகிறவர்களுக்கு மட்டும். நான்கு வெவ்வேறு நேரம். "இதே தாளை ஏஜென்ட்கிட்ட ரெண்டு மாசம் முன்னாடியே குடுத்துட்டோமே மேடம்" என்றார்.

வயிறு எரிந்த இடம் இனிமேல்தான். இத்தனைக்காவது பில் ஆக வேண்டும், குறைந்தால் மிச்சத்தையும் நாங்களே கட்ட வேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இருந்தது. மூன்று மணி நேரம், 60 பேர் என்று கணக்குப் போட்டு, இது தானாகவே வந்துவிடும் என்று கையெழுத்துப் போட்டிருந்தேன். பார் திறந்திருந்ததோ 50 நிமிடம். அந்த நேரத்தில் அவ்வளவு குடித்திருந்தால் தம்பிக்குக் கல்யாணம் ஆனதே யாருக்கும் ஞாபகம் இருந்திருக்காது.

சரி, கடற்கரையாவது மிஞ்சுமே என்று எல்லோரையும் படியில் இறக்கினேன். பௌர்ணமி நிலா, தங்கத் தட்டு மாதிரி. கீழ்ப் படிகள் நாலும் தண்ணீருக்குள். மணல் என்று ஒன்று இருந்ததற்கே அடையாளம் இல்லை. மணப்பெண் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஐந்தாவது படியில் நின்று என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வைக்கு நான் இன்னும் வட்டி கட்டிக்கொண்டிருக்கிறேன்.

அந்தக் கரையில் ஒரு நாளைக்கு இரண்டு தடவை கடல் ஏறி இறங்கும். அந்த நேரம் தினமும் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும். ஏழு நாளில் கிட்டத்தட்ட 6 மணி நேரம். அதாவது, ஒரு வாரம் முன்னால் அதே மணிக்குப் போய்க் கடல் வற்றியிருந்ததைப் பார்த்தால், பார்ட்டி அன்றைக்கு அதே மணிக்குக் கடல் ஏறியிருக்கும். போதாக்குறைக்கு, அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஏற்றம் மற்ற நாளைவிட அதிகம். நிலா வெளிச்சம் வேண்டும் என்று பௌர்ணமியைத் தேர்ந்தெடுத்தது நாங்கள்தான். தேதி போட்ட ஏற்றவற்ற அட்டவணையை இணையத்தில் இரண்டு நிமிடத்தில் பார்த்திருக்கலாம். ஏஜென்டைக்கூட விடுங்கள், இது என் மண்டைக்குக் கிடைத்த குட்டு.

திரும்பிப் போக வண்டி கிடைக்காமல் ரோட்டோரம் ஒன்றே கால் மணி நேரம் நின்றதைத் தனியாகச் சொல்ல ஒன்றுமில்லை. "டாக்ஸி ஸ்டாண்ட் பக்கத்துலயே மேடம்" என்றதும் உண்மைதான். ஸ்டாண்ட் இருந்தது.

மறுநாள் ஏஜென்டுக்குப் போன் போட்டேன். பதற்றமே இல்லை. "மேடம், ரெண்டு மணி வரைக்கும் கேட் திறந்துதானே இருந்துச்சு?"

கார்டில் கட்டிய பாதிக்கு, சொன்ன சேவை கிடைக்கவில்லை என்று வங்கியில் டிஸ்ப்யூட் போட்டேன். மேனேஜர் கொடுத்த தாளும் ஏஜென்டின் வாட்ஸ்ஆப் பேச்சும் கைகொடுத்தன, பணம் திரும்பி வந்தது. சொந்தக் கணக்குக்கு அனுப்பியதற்கு வங்கி கைவிரித்துவிட்டது.

இப்போது யாராவது என்னிடம் கேட்டால், இடத்து மேனேஜரிடமே பேசி, மாடி, பார், பாட்டு, வாசல் என்று தனித்தனியாக நேரத்தை எழுதி வாங்கச் சொல்கிறேன். லிமிட்டர் இருக்கிறதா, இருந்தால் எத்தனை டெசிபல் என்று கேட்டு, உங்கள் டிஜேயைக் கூட்டிப்போய் ஒரு பாட்டுப் போட்டுப் பாருங்கள். ஆளுக்கொரு வயர்லெஸ் ஹெட்ஃபோன் மாட்டி ஆடுகிற வழியும் இருக்கிறது, சத்தமே வெளியே வராது. டிஜே அப்போதே சொன்னான். சித்தப்பா ஹெட்ஃபோன் மாட்டி ஆடுவதை நினைத்து நான்தான் சிரித்துவிட்டேன்.

நேற்று அந்த ஏஜென்டின் விளம்பரத்தைத் தற்செயலாகப் பார்த்தேன். படத்தை மாற்றியிருக்கிறார். கலர் கலராக விளக்கு, ஹால் நிறையக் கூட்டம், கீழே "இரவு 2 மணி வரை கொண்டாட்டம்" என்று பெரிய எழுத்து. முன்னால் இரண்டு கையையும் தூக்கி நிற்கிறவன் என் தம்பி. எங்கள் நண்பர் எடுத்துப் போட்ட படம்தான், எடுத்த நேரம் 11.20. மூலையில் சுவர் விளக்கும் தெரிகிறது, சிவப்பாக.