கம்பெல் முதல் வளைவெண் வரை: வெள்ள மதிப்பீட்டு முறைகளுடன் பல ஆண்டுகள்

முதலிலேயே முடிவைச் சொல்லிவிடுகிறேன். ஒரு நீர்ப்பிடிப்புப் பகுதியின் பெருமழையையும் வெள்ள அபாயத்தையும் கணிக்க எந்த முறை நல்லது என்று கேட்பவர்களுக்கு என் பதில் இதுதான்: பொதுமை உச்சமதிப்புப் பரவலை (ஆண்டு உச்சங்கள் எந்த அளவை எவ்வளவு அடிக்கடி எட்டும் என்று சொல்லும் சூத்திரம்) எல்-மொமென்ட் வழியில் (வரிசைப்படுத்திய தரவிலிருந்து அந்தச் சூத்திரத்தின் எண்களைக் கணக்கிடும் முறை) பொருத்துங்கள், அண்டை மழைமானி நிலையங்களின் தரவையும் துணைக்குச் சேர்த்துக்கொள்ளுங்கள், பக்கத்திலேயே அதன் எளிய வடிவமான பழைய கம்பெல் பரவலையும் போட்டுப் பாருங்கள். பல ஆண்டுகள் இந்த முறைகளை மாற்றி மாற்றிப் பயன்படுத்திய பிறகு, எது துல்லியமான விடை தருகிறது என்பதைவிட, எது தன் தடுமாற்றத்தை மறைக்காமல் காட்டுகிறது என்பதையே நான் அதிகம் பார்க்கிறேன்.

கம்பெலின் பலம் அதன் எளிமை. ஆண்டுதோறும் பதிவான ஒரு நாள் உச்ச மழையை மட்டும் எடுத்துக்கொண்டு, சராசரியையும் திட்ட விலக்கத்தையும் கண்டுபிடித்தால் பாதி வேலை முடிந்தது. சராசரியுடன் திட்ட விலக்கத்தின் 3.14 மடங்கைக் கூட்டினால் நூறாண்டு மழை, அதாவது எந்த ஓர் ஆண்டிலும் எட்டவோ தாண்டவோ 1 விழுக்காடு வாய்ப்புள்ள மழை, கிடைத்துவிடும். தொடரின் நீளத்துக்கு ஏற்பத் திருத்தும் அட்டவணை தனியாக உண்டு. தரவு குறைவாக இருந்தால் இந்த மடங்கு இன்னும் கூடும். கணினி இல்லாத காலத்தில் வரைபடத் தாளும் அளவுகோலும் கொண்டே இதைச் செய்தார்கள். இன்றும் புதிய தொடர் கைக்கு வந்தவுடன் நான் முதலில் செய்வது கம்பெல்தான். மற்ற முறைகளின் விடை அதிலிருந்து வெகுதூரம் விலகினால், ஏன் என்று கேட்க ஒரு காரணம் கிடைக்கிறது.

அதன் பலவீனம் ஒரே ஒரு பேய்மழையில் தெரிந்துவிடும். முப்பது ஆண்டுத் தொடர் ஒன்றின் சராசரி 100 மில்லிமீட்டர், திட்ட விலக்கம் 40 என்று வைத்துக்கொள்வோம். திருத்த அட்டவணையை ஒதுக்கிவிட்டால் நூறாண்டு மழை ஏறத்தாழ 225 மில்லிமீட்டர். முப்பத்தொன்றாம் ஆண்டில் 320 மில்லிமீட்டர் கொட்டுகிறது. திட்ட விலக்கம் 56ஐத் தொடுகிறது, நூறாண்டு மழை 282க்குத் தாவுகிறது. ஒரே ஒரு நாள், பாலத்தின் உயரத்தையே மாற்றிவிடுகிறது! அதே தரவில் கம்பெலை எல்-மொமென்ட் கொண்டு பொருத்தினால் விடை 266 அளவில் நிற்கிறது. விலகலை இருமடிப் பெருக்கி ஊதிவிடும் வழக்கமான திட்ட விலக்கத்துக்குப் பதிலாக, வரிசைப்படுத்திய மதிப்புகளின் நேரியல் சேர்க்கைகளை எல்-மொமென்ட் பயன்படுத்துகிறது. புள்ளியியலாளர் ஹோஸ்கிங் 1990இல் இதை முறைப்படுத்தினார். 266 சரி, 282 தவறு என்று நான் சொல்லவில்லை. ஒரு புயலுக்கு எவ்வளவு குரல் கொடுக்கிறோம் என்பதில்தான் வேறுபாடு.

பொதுமை உச்சமதிப்புப் பரவலில் இருப்பிடம் (மதிப்புகள் எங்கே குவிகின்றன), அளவு (எவ்வளவு பரந்திருக்கின்றன) என்ற இரண்டு அளபுருக்களோடு, வடிவ அளபுரு என்று மூன்றாவதாக ஒன்று இருக்கிறது. அது சுழியமானால் கம்பெல். ஒரு பக்கம் சாய்ந்தால் வால் கனத்து, அரிய மழைகள் பயமுறுத்தும் அளவுக்குப் பெருகும். மறுபக்கம் சாய்ந்தால் மழைக்கு மேல் எல்லை ஒன்று வந்துவிடும். பயன்பாட்டில் என்னை அதிகம் அலைக்கழித்தது இந்த ஓர் எண்தான். முப்பது, நாற்பது ஆண்டுத் தரவு அதை நிலைநிறுத்தப் போதாது. இரண்டு ஆண்டுகளை நீக்கிப் பாருங்கள், குறியே மாறிவிடும். மழைப்பொழிவு முறை ஒத்திருக்கும் நிலையங்களை ஒரு குழுவாக்கி, வடிவத்தை அந்தக் குழுவிலிருந்தும், அளவை மட்டும் உள்ளூர்த் தொடரிலிருந்தும் எடுப்பதே நான் கண்ட நல்ல வழி. குழுவில் யாரைச் சேர்ப்பது என்பதில் மட்டும் கறாராக இருக்க வேண்டும். மலையின் இந்தப் பக்கத்து நிலையமும் அந்தப் பக்கத்து நிலையமும் வரைபடத்தில் பக்கத்துப் பக்கத்தில் இருக்கலாம். மழை அப்படி நினைப்பதில்லை.

ஆண்டு உச்சத்தை மட்டும் எடுக்காமல், ஒரு வரம்பைத் தாண்டிய எல்லா மழைகளையும் எடுக்கும் முறையைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. தரவு கூடுகிறது, உண்மைதான். வரம்பை எங்கே வைப்பது, அடுத்தடுத்த நாள்களின் மழையை ஒரே நிகழ்வாக எண்ணுவதா என்ற வாதங்கள் அதைவிட வேகமாகக் கூடுகின்றன.

முறையைத் தேர்ந்தெடுப்பதற்குச் செலவழிக்கும் நேரத்தில் பாதியையாவது தரவைப் பார்க்கச் செலவழிக்கலாம். காலையில் ஒரு முறை அளக்கும் மழைமானியில், அளவீட்டு நேரத்துக்கு முன்னும் பின்னுமாகக் கொட்டிய ஒரே மழை இரண்டு தேதிகளில் பிரிந்து பதிவாகிவிடும். ஒரு நாள் உச்சத்தை 24 மணி நேர உச்சமாக மாற்ற 1.13 என்ற பெருக்கம் நெடுநாளாகப் புழக்கத்தில் இருப்பது இதனால்தான். இதைவிட மோசமானது, பதிவு இல்லாத நாளைச் சுழியம் என்று நிரப்பிவைப்பது. மானி நிரம்பி வழிந்த நாளும், கருவியே அடித்துச்செல்லப்பட்ட நாளும் பெரும்பாலும் மிகப் பெரிய மழை நாளாகவே இருக்கும். அந்த நாள் தொடரில் சுழியமாகவோ வெற்றிடமாகவோ உட்கார்ந்திருந்தால் எந்தப் பரவலும் அதை மீட்டுத் தராது.

ஆற்று நீரோட்டத் தரவுக்கும் இதே கதை. பெருவெள்ளத்தில் யாரும் படகில் போய் நீரின் வேகத்தை அளப்பதில்லை. நீர்மட்டத்தை மட்டும் குறித்துக்கொண்டு, மட்டத்தையும் ஓட்டத்தையும் இணைக்கும் கோட்டை மேலே நீட்டி ஓர் எண்ணைப் பெறுகிறார்கள். நாம் மிகவும் நம்பும் உச்ச வெள்ளம் பெரும்பாலும் அந்த நீட்டிய கோட்டின் குழந்தை. அமெரிக்காவில் ஆற்று வெள்ளத்தைக் கணிப்பதற்காக 2018இல் வெளியான புல்லட்டின் 17சி வழிகாட்டியில் எனக்குப் பிடித்த அம்சம் இதற்கு இடம் கொடுப்பதுதான். பழைய வெள்ளத்தின் உயரக் குறிகளையும் ‘இந்த அளவுக்கும் அந்த அளவுக்கும் இடையே’ என்ற வகைத் தகவலையும் அங்கே வெள்ளத்துக்குப் பயன்படுத்தும் மடக்கை பியர்சன் மூன்றாம் வகைப் பரவலுக்குள் கொண்டுவர அது வழி செய்கிறது.

மழையை ஓட்டமாக மாற்றும் கட்டத்தில் என் பொறுமை குறைந்துவிடுகிறது. வளைவெண் முறை, அதாவது மழையில் எவ்வளவு வழிந்தோடும் என்பதை நிலத்துக்குக் கொடுக்கும் ஓர் எண்ணால் கணக்கிடுவது, எளிது, எல்லா மென்பொருளிலும் இருக்கிறது. 100 மில்லிமீட்டர் மழைக்கு வளைவெண்ணை 70 என்று வைத்தால் வழிந்தோடுவது சுமார் 33 மில்லிமீட்டர். 80 என்று வைத்தால் 51. அதாவது பாதிக்கு மேல் கூடுதல். மண் வகையையும் நிலப் பயன்பாட்டையும் பார்த்து அட்டவணையிலிருந்து எண்ணைப் பொறுக்கும் இரண்டு பேர் இவ்வளவு வேறுபடுவது சர்வசாதாரணம். மேலே மழைக் கணிப்பில் பத்து விழுக்காட்டுக்காகப் போராடிவிட்டு, கீழே இங்கே ஒரு சொடுக்கில் ஐம்பதை விட்டுவிடுகிறோம். அளந்த வெள்ளங்கள் சிலவற்றைக் கொண்டு எண்ணைச் சரிபார்க்காமல் இந்த முறையை நான் பயன்படுத்துவதில்லை. நூறாண்டு மழை பெய்தால் நூறாண்டு வெள்ளம் வரும் என்ற அனுமானமும் இந்தக் கட்டத்தில்தான் சத்தமில்லாமல் உள்ளே நுழைகிறது. நிலம் ஏற்கெனவே ஊறியிருந்தால் சிறிய மழையே போதும்.

‘நூறாண்டு வெள்ளம்’ என்ற பெயரை அறிக்கைகளில் எழுதுவதை விட்டுவிட்டேன். போன ஆண்டுதான் வந்தது, இனி நூறாண்டுக்குக் கவலையில்லை என்று படிப்பவர் எடுத்துக்கொள்கிறார். ஆண்டுக்கு 1 விழுக்காடு வாய்ப்பு, முப்பது ஆண்டுகளில் ஒரு முறையாவது வர 26 விழுக்காடு வாய்ப்பு என்று எழுதினால் கூட்டத்தில் கேள்விகளே மாறுகின்றன. கூடவே நம்பக எல்லைகளையும் (உண்மை மதிப்பு இருக்கக்கூடிய வீச்சு) கொடுக்கிறேன். 190 முதல் 300 மில்லிமீட்டர் வரை என்று எழுதினால் ‘ஒரே எண்ணாகச் சொல்லுங்கள்’ என்று கேட்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். சொல்கிறேன், ஆனால் எல்லைகளை அதே வரியில் வைத்துத்தான்.

கடைசியாக, மாறும் காலநிலை. காற்றின் வெப்பம் ஒரு டிகிரி செல்சியஸ் கூடினால் அது தாங்கக்கூடிய நீராவி ஏறத்தாழ 7 விழுக்காடு கூடுகிறது. ஆகவே பழைய தொடர் எதிர்காலத்துக்கு அப்படியே பொருந்தும் என்று எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் நாற்பது ஆண்டுத் தொடரில் தெரியும் ஏறுமுகம் காலநிலையாலும் இருக்கலாம், மானியை இடம் மாற்றியதாலும் இருக்கலாம். நிலையத்தின் வரலாற்றைப் பார்த்த பிறகு, இருப்பிட அளபுருவில் மட்டும் காலப்போக்கைச் சேர்த்து, சேர்க்காத மாதிரியின் விடையையும் பக்கத்தில் கொடுக்கிறேன். வடிவ அளபுருவையும் ஆண்டோடு நகரவிடும் மாதிரிகளை இப்போது தொடுவதே இல்லை. முப்பது எண்களிடம் அவை கேட்பது மிக அதிகம்.